ரெக்சினக்காவின் ரத்தம்

பஸ் பணிமனைக்குப் பின்புறம் தகரக் கூரை போட்ட ஒரு நீளக் கொட்டகை. கிழிந்துபோன இருக்கைகளெல்லாம் கடைசியில் அங்கேதான் வந்து சேரும். சட்டத்திலிருந்து பழைய உறையை உரித்து, நைந்த ஸ்பாஞ்சைப் பிடுங்கி எறிந்து, புது ரெக்சினை அளந்து வெட்டித் தைத்து, வாயில் கவ்விய ஆணிகளை ஒவ்வொன்றாக எடுத்து அடித்து முடித்தால் இருக்கை மறுபடி பஸ் ஏறிவிடும். அந்த வேலையில் அவளை மிஞ்ச அங்கே ஆளில்லை. டிரைவர், கண்டக்டர், கணக்கர் என்று எல்லாருக்கும் அவள் ரெக்சினக்கா. தலை நரைத்தவர்கள்கூட அக்கா என்றே கூப்பிட்டார்கள். முதலில் சுருக்கென்று கோபம் வந்தது. பிறகு பழகிவிட்டது. பெற்றவர்கள் வைத்த பெயர் ஆஸ்பத்திரிச் சீட்டில் மட்டும்தான் மிச்சமிருந்தது.

பஸ்ஸில் ஏறினால் அவள் சன்னல் வழியே வேடிக்கை பார்க்கமாட்டாள். இருக்கையைத்தான் பார்ப்பாள். எந்த இருக்கையைச் சாவியால் கீறியிருக்கிறார்கள், எதைத் தூக்கம் வராதவர்கள் நகத்தால் நோண்டியிருக்கிறார்கள் என்று சொல்லுவாள். "மனுஷன் கை சும்மா இருக்காது. சும்மா இருந்தா எனக்குச் சோறு கிடையாது" என்பாள்.

அவளுடைய கணவர் அதே பணிமனையில் மெக்கானிக். பேச்சுக்குப் பஞ்சமான மனிதர். ஆனால் இன்ஜின் சத்தத்தைக் கேட்டே அதற்கு என்ன நோவு என்று சொல்லிவிடுவார். கல்யாணமான இரண்டாம் வருடம் ஒரு பெண் பிறந்தாள். அவளுக்கு வாயாடி என்று பெயர் விழுந்தது. அப்பா மிச்சம் வைத்த பேச்சையெல்லாம் மகள் எடுத்துக்கொண்டாள் என்று ஊரே சொன்னது.

அதற்குப் பிறகுதான் அந்த வீட்டில் இருள் புகுந்தது.

இரண்டாவதாக ஒரு ஆண் குழந்தை. பிறந்தபோதே மஞ்சள் பூத்திருந்தது. நர்ஸ் குழந்தையை வெளிச்சத்துக்குத் தூக்கிப் பார்த்துவிட்டு விறுவிறுவென்று உள்ளே போனாள். சில நாட்கள் கண்ணைத் திறந்து திறந்து பார்த்தான், அவ்வளவுதான். மூன்றாவது கர்ப்பம் மாதம் நிறைகிற நேரத்தில் வயிற்றுக்குள்ளேயே அடங்கிவிட்டது. அசைவு நின்ற அன்று அவள் ஒரு டிரைவர் இருக்கைக்கு உறை தைத்துக்கொண்டிருந்தாள். மிஷினை நிறுத்தி வயிற்றில் கைவைத்துக் கொஞ்ச நேரம் உட்கார்ந்திருந்தாள். பிறகு எழுந்து கணவரைத் தேடிப் போனாள்.

ஆளாளுக்கு ஒரு காரணம் சொன்னார்கள். ஸ்பாஞ்சை ஒட்டும் பசையின் வாடைதான் என்றார்கள். பளு தூக்கினாள் என்றார்கள். கணவரின் அக்கா, அவளுக்கு நாத்தனார், வாயை வைத்துக்கொண்டு சும்மா இருக்கமாட்டாள். "முதல் பிள்ளையோட அவ கொடுப்பினை தீர்ந்துபோச்சு" என்று கூடத்தில் நின்று சொன்னது சமையலறை வரைக்கும் கேட்டது. ரெக்சினக்காவுக்கே அப்படித்தான் தோன்றியது. தன் உடம்புக்குள் ஏதோ ஒரு கல்நெஞ்சம் இருக்கிறது, அது பிள்ளைகளை உள்ளே விட்டுவிட்டுக் கதவைச் சாத்திக் கழுத்தை நெரிக்கிறது என்று நினைத்தாள்.

உண்மையைச் சொன்னது பெரிய ஆஸ்பத்திரியின் டாக்டரம்மா. புருஷன், பெண்டாட்டி இருவரையும் எதிரே உட்காரவைத்துச் சொன்னார்.

"உங்க ரத்த அணுவுல ஒரு அடையாளம் கிடையாது. நெகட்டிவ்னு சொல்றது அதைத்தான். இவரோட ரத்தத்துல அது இருக்கு. முதல் குழந்தை அப்பாவோட அடையாளத்தை வாங்கிக்கிட்டா. அவ பிறக்கும்போது அவ ரத்தம் கொஞ்சம் உங்க உடம்புக்குள்ள கலந்திடுச்சு. யாருடா இது புது ஆளுன்னு உங்க உடம்பு அதுக்கு எதிரா ஒண்ணைத் தயார் பண்ணி வெச்சுக்கிச்சு. அடுத்த ரெண்டு குழந்தையும் அதே அடையாளத்தோட வந்ததும், அது போய் அதுங்க ரத்த அணுவுல ஒட்டி அழிச்சிடுச்சு."

"என் தப்பா?" என்றாள் ரெக்சினக்கா.

"யார் தப்பும் இல்லம்மா. உடம்பு அதோட வேலையைச் செஞ்சிருக்கு. முதல் பிரசவம் முடிஞ்ச உடனே ஒரு ஊசி போட்டிருந்தா இது வந்திருக்காது. இப்போ போட்டுப் பிரயோஜனம் இல்ல. உங்க ரெண்டு பேர் ரத்தமும் சேராது. இனிமே வேண்டாம்."

வெளியே வந்து சைக்கிள் நிறுத்தும் இடம் வரை மெக்கானிக் முன்னால் நடந்தார். அங்கே நின்று சாவியைக் கையில் உருட்டிக்கொண்டே கேட்டார். "சேராதுன்னா, நம்மள எதுக்குச் சேத்து வெச்சாங்க?"

அவர் வாயிலிருந்து இவ்வளவு நீளமாக ஒரு கேள்வி வந்து அவள் கேட்டதில்லை. சிரிப்பதா அழுவதா என்று தெரியவில்லை. "வாயாடிக்காகச் சேத்து வெச்சிருப்பாங்க. வாங்க, அவ ஸ்கூல் விட்டு வந்திடுவா" என்றாள்.

சில வாரம் கழித்து ரத்த வங்கியிலிருந்து ஆள் வந்தது. வந்தவர் அங்கே பரிசோதனை செய்யும் டெக்னீசியன். ஒல்லியான, பரபரப்பான பெண்மணி. கொட்டகைக்குள் நுழைந்து, ஸ்பாஞ்சுத் தூளில் இரண்டு தும்மல் போட்டுவிட்டு, வந்த விஷயத்தைச் சொன்னார்.

ஒருவருடைய ரத்தத்தில் அந்த அடையாளம் இருக்கிறதா என்று கண்டுபிடிக்க ஒரு நீர் வேண்டும். அந்த நீரை எந்தத் தொழிற்சாலையாலும் அப்போது செய்துவிட முடியாது. ரெக்சினக்காவைப் போன்றவர்களின் ரத்தத்திலிருந்துதான் எடுக்க வேண்டும். அவளுடைய ரத்தத்தில் அது ஏராளமாக இருந்தது. போதாததற்கு அவள் ஏபி வகை. மற்ற வகை ரத்தங்களோடு சண்டைக்குப் போகும் பொருள் எதுவும் அதில் கிடையாது. "இப்படி ஒரு ரத்தம் நான் பாத்ததே இல்லம்மா" என்றார் டெக்னீசியன். கண்கள் மின்னின.

ரெக்சினக்காவுக்கு அந்த மின்னலைப் பார்த்ததும் பற்றிக்கொண்டு வந்தது.

"என் பிள்ளைங்க ரெண்டையும் கொன்ன விஷம் அது. அதை பாட்டில்ல பிடிச்சு வெக்கணுமா? போங்க மேடம். வேற வேலை இருந்தா பாருங்க."

டெக்னீசியன் முகம் வாடிப்போனது. "மன்னிச்சிடுங்க. எனக்குப் பேசத் தெரியல" என்று சொல்லிவிட்டுக் கிளம்பினார். வாசல் வரை போனவர் திரும்பி நின்றார். "எங்ககிட்ட இருந்தது தீரப்போகுது. அது இல்லாம, வர்ற அம்மாக்கள்ல யாருக்கு உங்களுக்கு வந்த மாதிரி வரும்னு எங்களுக்குத் தெரியாது. அதான் வந்தேன்."

அவர் போன பிறகு ரெக்சினக்காவால் ஒரு தையல் நேராகப் போட முடியவில்லை. முதல் பிரசவத்தின்போது அவளுக்கு யாரும் அந்தச் சோதனையைச் செய்யவில்லை. தெருமுனையில் இருந்த அந்தச் சின்னப் பிரசவ விடுதியில் அதற்கான நீர் இருந்ததா இல்லையா, யாருக்குத் தெரியும்? அன்று ஒரு சொட்டு இருந்து, அதை ஒருவர் எடுத்துப் பார்த்திருந்தால்? இந்தக் கேள்வி மாவு சலிக்கும்போது கையில் தட்டும் கல்லைப் போல மீண்டும் மீண்டும் தட்டியது.

இரவுச் சாப்பாட்டின்போது கணவரிடம் சொன்னாள். அவர் கையை உதறினார். "புண்ணுல இருந்து எடுத்து மருந்துங்கிறாங்க. உனக்குத் தலையெழுத்தா?"

"தலையெழுத்து எழுதி முடிச்சாச்சு. இனி அதுல என்ன பயம்?" என்றாள் அவள்.

அடுத்த வாரம் அவளாகவே ரத்த வங்கிக்குப் போனாள். ஒரே ஒரு நிபந்தனை போட்டாள். "என்கிட்ட இருந்து எடுக்கிறது என்ன பண்ணுதுன்னு என் கண்ணால பாக்கணும். பாத்துட்டுத்தான் சொல்லுவேன்."

டெக்னீசியன் ஒரு வார்த்தை மறுக்கவில்லை. மேசைமேல் ஒரு சின்னப் பெட்டி இருந்தது. மேலே கண்ணாடி, உள்ளே விளக்கு. தொட்டால் வெதுவெதுப்பாக இருந்தது. அதன்மேல் கண்ணாடிச் சில்லு ஒன்றை வைத்து, ஏற்கெனவே எடுத்திருந்த அவளுடைய ரத்தத்தில் தெளிந்த மஞ்சள் நீரில் ஒரு சொட்டு விட்டார். பக்கத்திலேயே அவளுடைய சிவப்பு ரத்தத்தில் ஒரு சொட்டு. குச்சியால் கலக்கி, பெட்டியைத் தொட்டில் ஆட்டுவது போல இப்படியும் அப்படியும் சாய்த்தார். சிவப்பு சீராகப் பரவிக் கிடந்தது, வழவழவென்று.

"இது உங்க நீர், உங்க ரத்தத்தோடயே. ஒண்ணும் ஆகாது. இப்ப இதைப் பாருங்க." இன்னொரு சில்லில் மெக்கானிக்கின் ரத்தம். துணைக்கு வந்தவரை விடாமல் விரலில் குத்தி எடுத்திருந்தார்கள். அதன்மேல் அதே மஞ்சள் நீர். பெட்டி சாய்ந்தது, நிமிர்ந்தது. முதலில் ஒன்றுமில்லை. பிறகு சிவப்பு மெல்லக் கலைந்தது. ஓரத்தில் பொடிப்பொடியாகத் தொடங்கி, பால் திரிவது போலத் திரிந்து, திப்பித்திப்பியாகத் திரண்டது. நடுவில் தெளிந்த நீர் மட்டும் மின்னியது.

ரெக்சினக்கா குனிந்து மூச்சுக்கூட விடாமல் பார்த்தாள். இதுதானா? உள்ளே, இருட்டில், அந்த இரண்டுக்கும் நடந்தது இதுதானா? கேட்டாள்.

டெக்னீசியன் கொஞ்சம் தயங்கினார். "கிட்டத்தட்ட. உள்ள இப்படிக் கட்டி தட்டாது. உங்களோடது போய் அணுமேல ஒட்டிக்கும். ஒட்டினதை மண்ணீரல் பிடிச்சு அழிச்சிடும். இங்க நமக்குக் கண்ணுக்குத் தெரியணும்னு, ஒண்ணோட ஒண்ணு கைகோக்கிற மாதிரி பண்றோம்."

"சேராதுன்னு சொன்னாங்க டாக்டரம்மா. இங்க பாத்தா, ஒண்ண ஒண்ணு கட்டிப் பிடிச்சிக்கிட்டு விடமாட்டேங்குதே" என்றார் மெக்கானிக். ரெக்சினக்காதான் முதலில் சிரித்தாள். கண்ணில் தண்ணீரும் வந்தது. சட்டைக் கையால் துடைத்துக்கொண்டு, "எங்க படுக்கணும்?" என்று கேட்டாள்.

அன்று தொடங்கியது, வருடக் கணக்கில் நடந்தது. கையில் ஊசி ஏற்றி ரத்தத்தை எடுப்பார்கள். இயந்திரத்தில் சுழற்றி, மேலே தெளியும் மஞ்சளை மட்டும் பிரித்துக்கொண்டு சிவப்பை அவளுக்கே திருப்பி ஏற்றுவார்கள். ஒவ்வொரு முறையும் பையிலிருக்கும் பெயரை அவளிடம் படித்துக் காட்டிச் சரிபார்ப்பார்கள். தன் பெயரை அடுத்தவர் வாயால் கேட்பதே அங்கேதான். எடுத்ததில் ஒரு பங்கு பரிசோதனை பாட்டில்களுக்குப் போனது. ஒரு பங்கு, முதல் பிரசவமானதும் போடும் அந்த ஊசி மருந்தைத் தயாரிக்கும் இடத்துக்குப் போனது.

படுக்கிற கட்டிலின் ரெக்சின் கிழிந்து ஸ்பாஞ்சு பல்லிளித்துக்கொண்டிருந்தது. முதல் தடவை பொறுத்துக்கொண்டாள். இரண்டாம் தடவையும் பொறுத்துக்கொண்டாள். மூன்றாம் தடவை சுத்தியல், ஆணி, ஒரு துண்டு நீல ரெக்சினோடு வந்து இறங்கினாள். "ரத்தம் அப்புறம் எடுங்க. முதல்ல இதைக் கவனிக்கணும். இதுல படுத்தா எனக்கு உடம்பு கூசுது" என்றாள். ரத்த வங்கி அதிகாரி அறைக்கு வெளியே வந்து, ஒரு பெண்மணி வாயில் ஆணியோடு தன் ஆஸ்பத்திரிக் கட்டிலை உரித்துக்கொண்டிருப்பதைப் பார்த்துவிட்டு, ஒன்றும் கேட்காமல் உள்ளே போய்விட்டார்.

வாயாடி வளர்ந்தாள். வீடு ஓரளவு பழைய தாளத்துக்குத் திரும்பியது. இனி பிள்ளை கிடையாது என்பதை இருவரும் ஏற்றுக்கொண்டு, ஜாக்கிரதையாகத்தான் இருந்தார்கள். ஆனால் ஜாக்கிரதைக்கும் கண் அசரும் அல்லவா? ஒரு மழைக்காலத்தில் அவளுக்கு நாள் தள்ளிப்போனது.

யாரிடமும் சொல்லவில்லை. கணவரிடமும் சொல்லவில்லை. வயிற்றில் இருப்பது தெரிந்தும் தெரியாதது போல வேலை செய்தாள். முறைப்படி ரத்த வங்கிக்குப் போகும் நாள் வந்தது. போனாள், தான் தைத்த நீலக் கட்டிலில் படுத்தாள். டெக்னீசியன் கையைப் பிடித்து நரம்பைத் தடவியபோது சொன்னாள், "இன்னிக்கு எடுக்காதீங்க மேடம்."

டெக்னீசியன் அவள் முகத்தைப் பார்த்தார். கையை விடவில்லை. அப்படியே கட்டிலோரத்தில் உட்கார்ந்தார். பிறகு, "வாங்க, டாக்டரம்மாவைப் பாக்கலாம்" என்றார்.

டாக்டரம்மா திட்டினார். பிறகு திட்டுவதை நிறுத்திவிட்டு யோசித்தார்.

"ஒரு வழி இருக்கு. உங்க வீட்டுக்காரருக்கு அந்த அடையாளம் ரெண்டு பங்கா இருந்தா, பிறக்கிற ஒவ்வொரு குழந்தைக்கும் போகும். ஒரு பங்குதான் இருக்கு, இன்னொரு பங்கு காலின்னா, பாதிக்குப் பாதி. நாணயத்தைச் சுண்டிப் போட்ட மாதிரி. காலிப் பங்கு விழுந்தா குழந்தை உங்களை மாதிரியே நெகட்டிவ். உங்க ரத்தம் அதைத் தொடவே தொடாது."

"மூணு தடவை சுண்டியாச்சு. மூணும் அவர் பக்கம்தான் விழுந்திருக்கு" என்றாள் ரெக்சினக்கா.

"அதான் பயம். அவர் அம்மா, அப்பா யாராவது இருக்காங்களா?"

இருவரும் இல்லை. இருந்தது ஒரே ஒரு அக்கா. அந்த நாத்தனாரைத்தான் கூப்பிட வேண்டும்.

மெக்கானிக் போய்ச் சொன்னார். நாத்தனார் வந்தாள். விரலை நீட்டச் சொன்னதும் முகத்தைச் சுளித்தாள். "இந்த வயசுல என்னைக் குத்திப் பாக்கிற காலம் வந்துச்சா" என்று முணுமுணுத்தாள். ஆனாலும் நீட்டினாள். வெதுவெதுப்பான பெட்டிமேல் அவளுடைய ஒரு சொட்டு. அதன்மேல் ரெக்சினக்காவிடமிருந்து எடுத்துப் பாட்டிலில் வைத்திருந்த நீரில் ஒரு சொட்டு. பெட்டி சாய்ந்தது, நிமிர்ந்தது, சாய்ந்தது.

சிவப்பு அப்படியே கிடந்தது. வழவழவென்று, திப்பியில்லாமல்.

"என்ன, எனக்கு ஏதாவது வியாதியா?" என்றாள் நாத்தனார் பதறிப்போய்.

"இல்லம்மா. நீங்களும் உங்க தம்பி பெண்டாட்டி மாதிரி நெகட்டிவ்" என்றார் டெக்னீசியன். "உங்களுக்கு எத்தனை பிள்ளைங்க?"

"ஒரு பையன். அதோட நிறுத்திக்கிட்டோம்."

"உங்க வீட்டுக்காரருக்கு அந்த அடையாளம் இருந்திருந்தா, அடுத்தது வந்திருந்தா, உங்களுக்கும் இதே கதை நடந்திருக்கலாம்."

நாத்தனார் நாற்காலியில் உட்கார்ந்துவிட்டாள். "ஒண்ணு போதும்னு அவர் சொன்னப்ப நான் எத்தனை நாள் சண்டை போட்டேன்" என்றாள். யாரிடமும் சொல்லாமல் தனக்குத்தானே சொல்லிக்கொண்டது போல இருந்தது. பிறகு ரெக்சினக்காவைப் பார்த்தாள். கூடத்தில் நின்று சொன்ன சொல் அவள் நினைவுக்கு வந்திருக்க வேண்டும். எழுந்து வந்து ரெக்சினக்காவின் தோளில் கலைந்திருந்த துணியைச் சரிசெய்தாள். "நீ இனிமே அந்தப் பசை வாடையில உக்காராதே" என்றாள்.

"பசைக்கும் இதுக்கும் சம்பந்தமில்ல அண்ணி."

"இருக்கட்டும். உக்காராதேன்னா உக்காராதே."

அக்காவுக்கு அடையாளம் இல்லையென்றால், பெற்றவர்கள் இருவரிடமும் காலிப் பங்கு ஒன்று இருந்திருக்கிறது. ஆகவே தம்பிக்கும் ஒன்று வந்திருக்கலாம் என்று டாக்டரம்மா விளக்கினார்.

"வந்திருக்கலாமா, வந்திருக்கா?" என்று மெக்கானிக் கேட்டார்.

"கலாம்தான்" என்றார் டாக்டரம்மா.

அந்தக் 'கலாமை' வைத்துக்கொண்டுதான் அவர்கள் மாதங்களை ஓட்டினார்கள். மாதம் தவறாமல் ரத்தம் எடுத்து, அவளுடைய நீரைப் பாதிப்பாதியாக நீர்க்கவைத்துக்கொண்டே போய், எத்தனையாவது குழாய் வரைக்கும் அணுக்கள் திரள்கின்றன என்று பார்த்தார்கள். அது ஏறவில்லை. இருந்த இடத்திலேயே நின்றது. ஏறாமல் இருப்பது நல்லதுதான், ஆனால் அதை மட்டும் நம்பி எதையும் சொல்லமுடியாது என்றார்கள். குழந்தை உதைத்தது. ஒவ்வொரு உதையையும் அவள் சந்தோஷத்தோடு வாங்கவில்லை. கடன்காரன் கதவைத் தட்டும்போது மூச்சைப் பிடித்துக்கொண்டு உள்ளே உட்கார்ந்திருப்பார்களே, அப்படித்தான் இருந்தாள். பெயர் யோசிக்கவில்லை. துணி தைக்கவில்லை. வாயாடி மட்டும் அம்மா வயிற்றில் காதை வைத்து, ஸ்கூலில் நடந்ததையெல்லாம் ஒன்றுவிடாமல் உள்ளே சொல்லிக்கொண்டிருந்தாள்.

மாதம் நிறையும் வரை காத்திருக்க டாக்டரம்மாவுக்கு மனமில்லை. சில வாரங்கள் முன்னதாகவே பிரசவத்தைத் தூண்டினார். குழந்தையின் ரத்தத்தை முழுக்க மாற்ற வேண்டி வந்தால் தேவைப்படுமென்று நெகட்டிவ் ரத்தமும் தயாராக இருந்தது. காலை வெயில் சன்னல் கம்பிகளைத் தாண்டி உள்ளே வந்த நேரத்தில் ஒரு பெண் குழந்தை பிறந்தது. வீரிட்டு அழுதது. அழுகைச் சத்தம் கேட்டும் ரெக்சினக்கா நிம்மதிப்படவில்லை. இரண்டாமவனும் அழுதுகொண்டுதான் பிறந்தான்.

"மஞ்சளா இருக்கா?" என்று கேட்டாள்.

"சிவப்பா இருக்கு. இப்போதைக்கு ஒண்ணும் சொல்லமாட்டேன்" என்றார் டாக்டரம்மா.

தொப்புள்கொடியிலிருந்து எடுத்த ரத்தத்தை டெக்னீசியன் ரத்த வங்கிக்குக் கொண்டுபோகவில்லை. ரெக்சினக்கா முன்பே கேட்டுக்கொண்டபடி அந்த விளக்குப் பெட்டியை வார்டுக்கே தூக்கிக்கொண்டு வந்து, கட்டிலுக்குப் பக்கத்து மேசையில் வைத்து, சுவரில் பிளக்கைச் செருகினார். மெக்கானிக் ஒரு பக்கம், நாத்தனார் ஒரு பக்கம் நின்றார்கள். ரெக்சினக்கா முழங்கையை ஊன்றி நிமிர்ந்தாள்.

ஒரு சொட்டு குழந்தை. ஒரு சொட்டு அம்மா. குச்சியால் ஒரு கலக்கு. பெட்டி சாய்ந்தது, நிமிர்ந்தது. ரெக்சினக்காவின் கண் ஓரத்தைத்தான் பார்த்தது. அங்கேதான் முதல் பொடி கிளம்பும் என்று அவளுக்குத் தெரியும். சாய்ந்தது, நிமிர்ந்தது. பொடி எதுவும் கிளம்பவில்லை.

"திரளல" என்றார் மெக்கானிக்.

"பொறுங்க" என்றார் டெக்னீசியன். அவர் முகத்தில் சிரிப்பில்லை. "இது மட்டும் போதாது. சில சமயம் அம்மாவோடது ஏற்கெனவே குழந்தையோட அணுமேல முழுக்க அப்பியிருந்தா, நாம விடுறதுக்கு ஒட்ட இடமே இருக்காது. அப்பவும் இப்படித் திரளாமத்தான் இருக்கும், ஏமாத்திடும். அணுவைக் கழுவி வேற ஒரு நீர் விட்டுப் பாக்கணும். மேல ஏதாவது ஒட்டியிருந்தா அந்த நீர் காட்டிக்கொடுத்திடும். பாத்துட்டு வரேன்."

பெட்டியை அங்கேயே விட்டுவிட்டு, குழாயைக் கையில் பொத்திக்கொண்டு போனார்.

அந்த நேரத்தைப் பற்றி ரெக்சினக்கா பிற்காலத்தில் அதிகம் சொன்னதில்லை. குழந்தையைப் பக்கத்தில் போட்டிருந்தார்கள். அவள் அதைத் தொடவில்லை. தொட்டுவிட்டால் விடமுடியாது என்று பயம். நாத்தனார்தான் குழந்தையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டு, சன்னல் வெளிச்சத்தில் உள்ளங்காலையும் கண்ணையும் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். மெக்கானிக் தாழ்வாரத்தில் நடந்தார். போகிறவர் வருகிறவர் செருப்புச் சத்தத்தையெல்லாம் கேட்டுக்கொண்டிருந்தவர், திடீரென்று உள்ளே தலையை நீட்டிச் சொன்னார். "வராங்க. வேகமா வராங்க. கெட்ட சேதின்னா இவ்வளவு வேகமா வரமாட்டாங்க."

டெக்னீசியன் வாசலில் நின்று மூச்சு வாங்கினார். "ஒண்ணுமே ஒட்டல. சுத்தமா இருக்கு. குழந்தை நெகட்டிவ்."

ரெக்சினக்கா கையை நீட்டினாள். நாத்தனார் குழந்தையைக் கொடுத்தாள். அவள் அதை மார்போடு அணைத்துக்கொண்டு சத்தமில்லாமல் அழுதாள். மற்றவர்கள் சந்தோஷத்தில் அழுகிறாள் என்று நினைத்தார்கள். பாதி அதுதான். மீதிப் பாதி, காரணம் இவ்வளவு சின்னதாக இருந்ததே என்று. இதற்கு ஒரு பக்கம் விழுந்த நாணயம் அதுகளுக்கு மறுபக்கம் விழுந்தது. அவ்வளவுதான் வித்தியாசம். பாவம், கொடுப்பினை, பசை, கல்நெஞ்சம் என்று அவள் இத்தனை வருடம் சுமந்த எதுவும் அதில் இல்லை.

"முகம் அப்படியே என் தம்பியை உரிச்சு வெச்சிருக்கு" என்றாள் நாத்தனார்.

"முகம் அவரோடதா இருக்கட்டும் அண்ணி. ரத்தம் என்னோடது, அது போதும்" என்றாள் ரெக்சினக்கா, மூக்கை உறிஞ்சிக்கொண்டே.

குழந்தை பால் மறந்த பிறகு அவள் மறுபடி ரத்த வங்கிக்குப் போனாள். இம்முறை நாத்தனார் குழந்தையை வைத்துக்கொண்டு வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள். போகிற வருகிற கர்ப்பிணிகளை நிறுத்தி, "ரத்தம் என்ன வகைன்னு பாத்துட்டியா? பாக்கலியா? உள்ள போ முதல்ல" என்று விரட்டிக்கொண்டிருந்தாள். ஊருக்கு உபகாரமாக அந்த வாய் மாறியதில் ரத்த வங்கிக்கே கூட்டம் கூடியது.

இன்னும் பல வருடம் அப்படிப் போனது. பிறகு அந்த நீரை மனித உடம்பிலிருந்து எடுக்காமல், ஆய்வகத்தில் அணுக்களை வளர்த்தே செய்யும் வழி வந்தது. பரிசோதனை பாட்டில்கள் தொழிற்சாலையிலிருந்து பெட்டிபெட்டியாக வந்து இறங்கின. ஊசி மருந்துக்கு இன்னும் மனித ரத்தம் வேண்டும்தான். ஆனால் ரெக்சினக்காவின் வயதும் நரம்பும் இனி அதற்கு இடம் கொடுக்காது என்று டாக்டர்கள் சொல்லிவிட்டார்கள். அந்தச் செய்தியைச் சொல்லும் வேலை, தானும் தலை நரைத்துவிட்ட டெக்னீசியனிடம் வந்தது. தேநீர் கொடுத்து உட்காரவைத்துச் சொன்னார்.

ரெக்சினக்கா தலையாட்டினாள். நல்லதுதான் என்றாள். கை சும்மா மேசை விளிம்பைத் தடவிக்கொண்டிருந்தது.

"ஒண்ணு கேக்கணும் மேடம். அது இன்னும் என் உடம்புல இருக்குமா?"

"இருக்கும். வருஷம் போகப் போகக் குறையும். ஆனா உடம்பு மறக்காது. ஒரு தடவை பாத்த ஆளை அது எப்பவும் ஞாபகம் வெச்சிருக்கும்."

ரெக்சினக்கா கொஞ்சம் யோசித்தாள். அந்த இரண்டுக்கும் பெயர் வைக்கவில்லை. படம் எடுக்கவில்லை. அவை வந்துபோனதற்குச் சாட்சி என்று வீட்டில் ஒரு துணிகூட இல்லை. கணவர் பேசமாட்டார். வாயாடிக்கு அப்போது விவரம் தெரியாது.

"மறக்காம இருக்கட்டும்" என்றாள். தேநீரைக் குடித்து முடித்தாள். பெரியவள் ஆபீசிலிருந்து வரும் நேரம், சின்னவளுக்குப் பரீட்சை, பணிமனையில் நாளைக்குள் இரண்டு பஸ்ஸுக்கு உறை முடித்தாக வேண்டும் என்று ஒரே மூச்சில் சொல்லிக்கொண்டே எழுந்து பஸ் பிடிக்கப் போனாள்.